குசினிப் பக்கத்தால வந்த மறுமொழி

முதலே சொல்லிப்போடுறன் தம்பி, பேய், ஆவி எண்டு ஆரும் கதைக்கத் தொடங்கினா எழும்பிப் போற ஆள் நான். நீர் சிரிச்சாலும் பரவாயில்லை. நடந்ததைத்தான் சொல்லுறன், நம்பினா நம்பும், நம்பாட்டி விடும்.

என்ர மனிசி றீற்றா போன மாரியில மோசம் போனவா. அவவின்ர செபப் புத்தகத்தையும் செபமாலையையும் நானே பெட்டியுக்க அவவின்ர கையில வைச்சு அனுப்பினனான், எங்கட வேதக்கார ஆக்கள் அப்பிடித்தானே செய்யிறது. வீட்டில இருந்த ஒரே செபப் புத்தகம் அது எண்ட யோசனையே அப்ப வரேல்லை. கலியாணம் முடிச்ச நாளில இருந்து பின்னேரச் செபத்தில மாதா பிரார்த்தனையை வரிவரியா அவ முன்சொல்லுவா, நான் கதிரையில சாய்ஞ்சுகொண்டு ஒவ்வொரு வரிக்கும் "எங்களுக்காக வேண்டிக்கொள்ளும்" எண்டு மறுமொழி சொல்லுவன். அரை நித்திரையிலயும் சொல்லுவன். அவ்வளவுதான் என்ர வேலை, முன்சொல்ல எனக்குத் தெரியாது.

பிறகு டோர்செட் பார்க் அபார்ட்மெண்டில நான் தனிய. மகன் கொஞ்சம் தள்ளி ஒஷாவா நகரத்தில, வாங்கோ அப்பா எண்டு கூப்பிட்டுக்கொண்டே இருந்தவன், நான்தான் போகேல்லை. ஒருநாள் போனை நோண்டிக்கொண்டிருக்கேக்க பழைய சாமான் விக்கிற பக்கத்தில ஒரு படம், கறுப்பு மட்டை போட்ட தமிழ்ச் செபப் புத்தகம். வித்தவருக்கு அது என்ன பாசை எண்டே தெரியாது, ஆரோ செத்த வீட்டை ஒழிக்கேக்க கிடைச்சதாம். ஒண்டும் யோசிக்காமல் வாங்கிப்போட்டன்.

புத்தகம் வந்த பின்னேரமே, வெளியில வெளிச்சம் இருக்கேக்கயே, பிரார்த்தனையைத் திறந்து மாதாவைக் கூப்பிடுற முதல் வரியை வாசிச்சுப்போட்டு நிப்பாட்டினன். மறுமொழி சொல்ல ஆள் இல்லையெண்டு அப்பதான் உறைச்சுது. அழுதுபோட்டன், உம்மட்டைச் சொல்ல எனக்கென்ன வெக்கம். அந்த நேரம் அடுப்பிருக்கிற குசினிப் பக்கத்தால, அவ்வளவு சாதாரணமா, "எங்களுக்காக வேண்டிக்கொள்ளும்" எண்டு கேட்டுது.

றீற்றா எண்டு கத்திக்கொண்டு ஓடினன். ஒருத்தரும் இல்லை. பக்கத்து வீட்டுச் சத்தமோ எண்டு சுவரில காதை வைச்சன், அங்க இருக்கிறதும் தமிழ் தெரியாத ஆக்கள். திரும்ப வந்திருந்து அடுத்த வரியை வாசிச்சன், திரும்பவும் மறுமொழி வந்தது. அது அவவின்ர குரல் இல்லை எண்டு அப்பதான் விளங்கினது. ஆரோ வயசுபோன ஆம்பிளை, என்னை மாதிரியே அரை நித்திரையில சொல்லுற குரல். பயத்தைவிட எனக்கு ஏமாற்றம்தான் பெரிசு.

எண்டாலும் நான் நிப்பாட்டேல்லை. ஒவ்வொரு பின்னேரமும் வாசிச்சன், அந்தாளும் விடாமல் மறுமொழி சொன்னார். விசர் எண்டு நினைப்பீர், தனிய இருந்து பாரும் தெரியும். ஒருநாள் மகன் போன் எடுத்து, ஆரப்பா அங்க செபம் சொல்லுறது எண்டு கேட்டான். ரேடியோ எண்டு சொல்லிச் சமாளிச்சன்.

பிரார்த்தனை முடிய, இருக்கிற ஒவ்வொருத்தரும் தங்கட மரிச்ச ஆக்களின்ர பேரைச் சொல்லி மன்றாடுறது எங்கட வீட்டு வழக்கம். ஒவ்வொரு நாளும் நான் றீற்றா எண்டு சொல்லுவன், அந்தாள் பேசாமல் இருப்பார். கடைசி நாள் நான் சொல்லி முடிய, அவரும் ஒரு பேர் சொன்னார்.

"சவிரிமுத்து."

அது என்ர பேர், தம்பி.

அந்தக் கிழமையே ஒஷாவாவுக்கு வந்திட்டன். புத்தகத்தை எறிய மனம் வரேல்லை, சூட்கேசுக்க கிடக்கு. இங்க எல்லாரும் அன்பான ஆக்கள்தான், அப்பா எண்டும் அப்பப்பா எண்டும் கூப்பிடுவினம். றீற்றாவும் இஞ்சாருங்கோ எண்டுதான் கூப்பிட்டவா. என்ர பேரைச் சொல்லிக் கூப்பிட்ட ஆக்கள் எல்லாம் எப்பவோ போயிட்டினம்.

அந்தாள் பேரைச் சொன்னதைக்கூட விடும். அதைக் கேட்ட சந்தோசத்தில நான், "ஓம், வாறன்" எண்டு சொல்லிப்போட்டன்.