மூன்று எலுமிச்சம்பழம்

என் ஆட்டோ செய்த ஒரே குற்றம், அடையாறு சிக்னலில் கை காட்டியவனை ஏற்றிக்கொண்டதுதான். யாரோ ஒரு அம்மாவின் சங்கிலியை அறுத்துக்கொண்டு வந்தவன் என்று அவன் நெற்றியில் எழுதியிருக்கவில்லை. தி.நகர் போய்ச் சேர்வதற்குள் போலீஸ் மடக்கிவிட்டது. அவனைப் பிடித்தார்கள், சங்கிலியைப் பிடித்தார்கள், கூடவே என் வண்டியையும் பிடித்தார்கள். நான் சாட்சியாம், வண்டி வழக்குச் சொத்தாம்.

"சாட்சிய வூட்டுக்கு அனுப்பிட்டு வண்டிய உள்ள வெச்சிக்கிறது இன்னா சார் நியாயம்?" என்று கேட்டேன்.

ஏட்டையா நிமிரவே இல்லை. "கோர்ட்ல மனு போட்டு வாங்கிக்கோம்மா" என்றார்.

வழக்கு முடியும்வரை வண்டியை என் பொறுப்பில் விடச் சொல்லி மனு போட்டோம். சொந்த வண்டியை எனக்கே இடைக்காலமாகக் கொடுங்கள் என்று நானே கேட்க வேண்டும். வக்கீல் அதில் 'பணிவுடன்' என்று வேறு எழுதியிருந்தார். அதை அடித்துவிடச் சொன்னேன். "எல்லா மனுவுலயும் அது இருக்கும்மா, விளையாடாதீங்க" என்றார். பல்லைக் கடித்துக்கொண்டு கையெழுத்துப் போட்டேன்.

போலீஸ் பதில் தாக்கல் செய்யவில்லை என்று வாய்தா, அப்புறம் இன்னொரு வாய்தா. ஆழ்வார்பேட்டையில் நான் பள்ளிக்கூடத்துக்கு ஏற்றிப்போகும் பிள்ளைகள்தான் என் நிரந்தரச் சவாரி. அதில் ஒரு பிள்ளையின் அம்மா போன் செய்து, தீபாவளி வரைக்கும் பார்க்கிறோம், அதற்கு மேல் வேறு ஆட்டோதான் என்று தயங்கித் தயங்கிச் சொன்னார். அவரைக் குறை சொல்ல முடியாது.

ஆயுத பூஜை வந்தது. ஸ்டேஷனில் ஜீப்பைக் கழுவி, சந்தனம் குங்குமம் வைத்து, மாலை போட்டிருந்தார்கள். பின்பக்கம் என் வண்டி தூசு மூடி நின்றது. பக்கத்து வண்டிகளில் பேட்டரி இல்லை. யார் எடுத்தார்கள் என்று அங்கே யாருக்கும் தெரியவில்லை. போலீஸ் ஸ்டேஷன் அல்லவா.

ஒரு பையோடு நேரே போனேன். ஈரத்துணியால் துடைத்துப் பொட்டு வைத்தேன், கற்பூரம் காட்டினேன். ஒவ்வொரு சக்கரத்துக்கு முன்னாலும் ஒரு எலுமிச்சம்பழம் வைத்தேன்.

பொரியை மென்றபடி ஏட்டையா வந்தார். "ஏம்மா, கேஸ் வண்டிக்கு யாரைக் கேட்டு பூஜை போடுற?"

"கேஸு உங்களுது, வண்டி என்னுது சார்."

"அதுசரி, நவுராத வண்டிக்கு எலுமிச்சம்பழம் இன்னாத்துக்கு?"

"நவுரும் சார்."

அவர் சிரித்துக்கொண்டே போய்விட்டார். சிரித்தாலும் பழத்தை எடுத்துப் போடவில்லை. சக்கரத்தடியில் கிடக்கும் எலுமிச்சம்பழத்தை இந்த ஊரில் யாரும் தொட மாட்டார்கள். அதற்குப் பயந்தோ என்னவோ, என் பேட்டரியையும் யாரும் தொடவில்லை.

தீபாவளிக்கு முந்தின வாரம் உத்தரவு கிடைத்தது. விற்கக் கூடாது, மாற்றக் கூடாது, கூப்பிட்டால் கொண்டுவர வேண்டும் என்று நிபந்தனைகள். ஆர்.சி. புத்தகத்தைக் கோர்ட்டில் கொடுத்துவிட்டு, ஜாமீன்தாரர் கையெழுத்தும் போட்ட பிறகு, உத்தரவோடு மத்தியானம் ஸ்டேஷனுக்குப் போனேன்.

பழங்கள் கறுத்துச் சுருங்கி அங்கேயே இருந்தன. சாவி போட்டேன். வண்டி இருமிவிட்டு அடங்கியது. கிடந்த கிடையில் பேட்டரி சோர்ந்துபோயிருந்தது. சுற்றிலும் ஏட்டையாவைத் தவிர வேறு ஆள் இல்லை.

"கொஞ்சம் தள்ளி வுடுங்க சார்."

"மொதல்ல அந்தப் பழத்த எடும்மா."

"எடுக்க மாட்டேன். மேல ஏத்திக்கினு போறதுக்குத்தானே வெச்சேன்."

முணுமுணுத்துக்கொண்டே தொப்பியைக் கழற்றி ஜீப் மேல் வைத்துவிட்டு வந்து தள்ளினார். முன் சக்கரத்தடியில் ஒரு பழம் நசுங்கியது. பின்னால் இரண்டும் நசுங்கும்போது இன்ஜின் பிடித்துக்கொண்டது. பள்ளிக்கூடம் விடும் நேரம். கேட்டருகே ஒரு நொடி நிறுத்தித் திரும்பிப் பார்த்தேன். நசுங்கிய பழத்தில் கால் படாமல் ஏட்டையா சுற்றிக்கொண்டு நடந்தார்.

"நவுந்துச்சா சார்?" என்று கேட்டுவிட்டு ஆழ்வார்பேட்டைப் பக்கம் திருப்பினேன்.