பம்பைச் சத்தம் இல்லாத வீடியோ

என் வீட்டுக்காரர் நாகேஷ் கெட்டவர் இல்லை, புத்திதான் கொஞ்சம் மட்டு. மலைக்கோயிலில் நைவேத்தியம் சமைக்கும் குடும்பத்தில் பிறந்து, கரண்டியைத் தொடாமல் கல்யாண வீடியோ எடுக்கப் போனவர். 2008-இல் எங்கள் வீடியோ கடைக்கு இன்டர்நெட் வந்ததும் யூடியூப் பைத்தியம் பிடித்துக்கொண்டது. கோயில் வீடியோ போட்டால் பதினோரு பேர் பார்ப்பார்கள். அதில் நாலு பேர் எங்கள் சொந்தம்.

அந்த ஆடிக் கிருத்திகைக்கு அம்மையார்குப்பத்து ஷோபனா காவடி எடுத்தாள். விசைத்தறி ஓட்டும் பெண். பம்பை அடித்ததும் சாமி வந்து, முடி அவிழ ஆடினாள். இவர் அதை எடுத்து, பம்பைச் சத்தத்தை நீக்கி, ஒரு குத்துப்பாட்டைச் சேர்த்து ஏற்றினார். நாலே நாளில் நாற்பதாயிரம் பேர் பார்த்துவிட்டார்கள். பாவி மனுஷன், அந்த எண்ணிக்கையைப் பார்த்துப் பார்த்தே சோற்றை மறந்தார்.

ஐந்தாம் நாள் காலை ஷோபனாவும் அவள் அப்பா சின்னசாமியும் கடைக்கு வந்தார்கள். ஆர்.கே.பேட்டையில் அவளுக்கு நிச்சயம் ஆகியிருந்தது. யாரோ இறக்கிக் கைமாற்றி, மாப்பிள்ளை வீட்டில் எல்லார் செல்போனிலும் இந்த ஆட்டம்தான்.

"பாட்டு போட்டு ஆடிகினு இருந்தாளான்னு கேக்கறாங்க," என்றார் சின்னசாமி. "சாமி வந்துதுன்னா நம்ப மாட்டேங்கறாங்க. சாயங்காலத்துக்குள்ள முடிவு சொல்றாங்களாம்."

இவருக்கு முகம் செத்துவிட்டது. "இப்பவே அழிச்சிடறேங்க."

"அழிக்காதீங்கண்ணா," என்றாள் ஷோபனா. "அழிச்சா நான் தப்பு பண்ணேன்னு ஆயிடும். பம்பை சத்தத்தோட இருக்கறத குடுங்க, அத காட்டறேன்."

கம்ப்யூட்டரில் இடம் போதாதென்று அசலை அழித்திருந்தார். கேமரா கேசட்தான் கதி. பெட்டிகளைக் கொட்டித் தேடினோம். ஒரு மணி நேரம் கழித்து, 'ஆடிக் கிருத்திகை' என்று எழுதிய கேசட் கிடைத்தது. சின்னசாமி அப்பாடா என்று பெஞ்சில் உட்கார்ந்தார்.

கேசட்டைப் போட்டதும் டிவியில் கெட்டிமேளம் கேட்டது. யாரோ ஒரு பெண்ணின் கழுத்தில் தாலி ஏறிக்கொண்டிருந்தது. ஆடி என்றும் பாராமல் முந்தாநாள் அவசரமாக நடந்த கல்யாணம். புது கேசட் வாங்காமல் பழையதின் மேலேயே எடுப்பது இவர் வழக்கம்.

"கடைசி வரைக்கும் ஓட்டிப் பாருங்க, பாவா," என்றேன் இவரிடம். ஓட்டினார். பந்தி, மொய், வழியனுப்பு எல்லாம் இருந்தது. காவடி இல்லை.

ஷோபனா டிவியிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. "சாமி வந்தப்ப என்ன நடந்துதுன்னு எனக்கே ஞாபகம் இல்லண்ணா," என்றாள். "இனிமே நானும் அந்தப் பாட்டோடதான் பாக்கணும்."

சாயங்காலம் சின்னசாமி வீட்டுக்கு நிச்சயத் தட்டு திரும்பி வந்தது. இவர் அழுதுகொண்டே வீடியோவை அழித்தார். அதற்குள் வேறு மூன்று பேர் அதே பாட்டோடு அதை ஏற்றியிருந்தார்கள்.