ஹெட்போனைக் கழற்றாத மனிதர்

படப்பிடிப்புத் தளத்தில் அவரை யாரும் பெயர் சொல்லிக் கூப்பிட்டதில்லை. 'காது' என்றால் போதும். மூன்று தெரு தள்ளி ஒரு வண்டி ஹாரன் அடித்தாலும் கையைத் தூக்கிப் படப்பிடிப்பை நிறுத்திவிடுவார். இருபது வருஷமாக ஒலிப்பதிவு வேலை. மனைவி ஒரு பரிசோதனைக் கூடத்தில் ரத்தம் எடுப்பவள். மகள் எட்டாவது படிக்கிறாள். பகலெல்லாம் சத்தம் கேட்டுவிட்டு வருகிறவருக்கு வீட்டில் சத்தமே ஆகாது. குக்கர்கூட அவர் குளிக்கப் போன நேரம் பார்த்துத்தான் விசிலடிக்க வேண்டும்.

அந்த வருஷம் அவருக்கு ஒரு திகில் தொடரில் வேலை கிடைத்தது. கல்யாணமான மருந்துக்கடைக்காரன் ஒருத்தன் எதிர்வீட்டுப் பெண்மேல் பித்துப் பிடித்து அவள் பின்னாலேயே அலைகிற கதை. எதிர்வீட்டுப் பெண்ணாக நடித்தவள் புதுமுகம். தினமும் காலையில் அவள் சட்டைக் காலருக்கு உள்பக்கம் உடை உதவியாளர் ஒரு சின்ன மைக்கைப் பொருத்துவார். காட்சி முடிந்ததும் அவர் தன் கருவியில் அந்த ஒலியை அடக்கிவிட வேண்டும். நடிகர்கள் தங்களுக்குள் பேசுவது ஒலிப்பதிவாளர் காதில் விழக் கூடாது. சொல்லிக்கொடுக்கத் தேவையில்லாத மரியாதை அது.

ஒருநாள் அடக்க மறந்துபோனார். அவள் ஓரமாக உட்கார்ந்து தோழியிடம் சொல்லிக்கொண்டிருந்தாள்: "இங்க எல்லாரும் கத்தறாங்க. அந்த சவுண்ட் அண்ணா ஒருத்தர்தான் மனுஷங்க மாதிரி பேசறாரு."

தன்னைப் பற்றி ஒருத்தர் நல்லவிதமாகப் பேசி அவர் கேட்டு எத்தனையோ வருஷமாகியிருந்தது. மறுநாள் அவர் மறக்கவில்லை. வேண்டுமென்றே திறந்து வைத்தார்.

சாப்பாட்டு இடைவேளையிலும் ஹெட்போனைக் கழற்றுவதில்லை. அவள் தொண்டை கட்டியிருக்கிறது என்று முணுமுணுத்தால் பத்து நிமிஷத்தில் வெந்நீர் வந்து நிற்கும். "உங்களுக்கு எப்படிண்ணா தெரிஞ்சுது?" என்று அவள் சிரித்தபோது, "குரல்ல தெரியும் மேடம்" என்றார். பிறகு அவள் பேச்சைத் தனியாக ஒரு மெமரி கார்டில் சேர்க்க ஆரம்பித்தார். வீட்டில் அறைக் கதவைச் சாத்திக்கொண்டு அதைக் கேட்பார். வேலை மிச்சமிருக்கிறது போலும் என்று மனைவி நினைத்துக்கொண்டாள்.

ஒரு மதியம் அவள் அக்காவிடம் போனில் அழுதாள். அப்பாவுக்கு இதய ஆபரேஷன், எந்த ஆஸ்பத்திரி, நான்காவது மாடி, பக்கத்தில் இருக்க ஆளில்லை, ஞாயிற்றுக்கிழமைதான் தன்னால் போக முடியும் என்று எல்லாவற்றையும் சொன்னாள். அவளைத் தன்னைவிட்டால் வேறு யாருக்கும் சரியாகத் தெரியாது என்று கேட்டுக்கொண்டிருந்தவருக்குத் தோன்றிவிட்டது.

ஞாயிற்றுக்கிழமை அவள் ஆஸ்பத்திரி அறைக் கதவைத் திறந்தபோது, அப்பாவின் கட்டிலருகே ஒலிப்பதிவாளர் உட்கார்ந்து ஆரஞ்சு உரித்துக்கொண்டிருந்தார்.

"உன் ஃப்ரெண்டாமே! காலையிலேர்ந்து கூடவே இருக்காரும்மா, தங்கமான மனுஷன்" என்றார் அப்பா.

அவள் அப்பாவைப் பார்த்துச் சிரித்தாள். ஒலிப்பதிவாளரை வராந்தாவுக்குக் கூப்பிட்டாள்.

"நான் இங்க வர்றது உங்களுக்கு யார் சொன்னது?"

"யாரோ சொன்னாங்க மேடம்..."

"யாருக்கும் தெரியாது. அக்காகிட்ட மட்டும்தான் சொன்னேன். அதுவும் போன்ல." சொல்லிக்கொண்டே வந்தவள் சட்டென்று நிறுத்தினாள். கை தானாகக் காலருக்குப் போயிற்று. "அன்னிக்கு எனக்கு மைக் போட்டிருந்துச்சு."

அவர் கையிலிருந்த ஆரஞ்சுத் தோலைக் குப்பைத்தொட்டியில் போட்டார்.

"உங்களை அண்ணான்னு கூப்பிட்டேனே..."

"இனிமே அப்படிக் கூப்பிட வேணாம்" என்றார் அவர், மெதுவாக. அதைக் கேட்டதும் அவள் இரண்டடி பின்னால் போனாள். பிறகு நர்ஸ் நிற்கும் இடத்தைப் பார்த்து வேகமாக நடந்தாள்.

திங்கட்கிழமை அவள் மைக் மாட்ட மறுத்துவிட்டாள். காரணத்தை எல்லோர் முன்னாலும் சொன்னாள். மருந்துக்கடைக்காரனாக நடித்தவர் தலையைக் குனிந்துகொண்டார். இயக்குநர் அவரிடம், "காது, பதிவு பண்ணி வெச்சிருந்தா அந்த கார்டை எடு" என்று மட்டும் கேட்டார். அவர் சட்டைப் பையிலிருந்து எடுத்துக் கொடுத்தார். போலீஸில் எழுதிக் கொடுக்க வேண்டியிருந்தது. அந்தப் பெண் இருக்கும் திசைக்கே வர மாட்டேன் என்று கையெழுத்துப் போட்டார். தொழிலில் விஷயம் பரவ ஒரு வாரம்கூட ஆகவில்லை.

வீட்டில் இன்னொரு பிரதி கணினியில் இருந்தது. மனைவியே கண்டுபிடித்து, ஹெட்போனை மாட்டிக்கொண்டு கேட்டாள். அவர் கதவோரம் நின்றார். ரொம்ப நேரம் கழித்துத்தான் கழற்றினாள். கத்துவாள் என்று அவர் எதிர்பார்த்தார்.

"அப்பாவை நினைச்சு அழறா இந்தப் பொண்ணு. இதையா மறுபடி மறுபடி போட்டுக் கேட்டீங்க?"

"தப்புதான்."

"எங்கப்பா படுத்த படுக்கையா இருந்தப்ப நானும் இதே ரூம்ல உக்காந்து அழுதேன். நீங்க என்ன சொன்னீங்க, ஞாபகம் இருக்கா?"

அவருக்கு ஞாபகம் இல்லை.

"சத்தமில்லாம அழுன்னு சொன்னீங்க."

எல்லாவற்றையும் அழித்தாள். அந்த வாரமே மகளைக் கூட்டிக்கொண்டு தன் அண்ணன் வீட்டுக்குப் போய்விட்டாள்.

அவர் இப்போது ஊர் எல்லையில் ஒரு கிடங்கில் மின்விசிறிப் பெட்டிகளை எண்ணி அடுக்குகிறார். தொடர் புது ஒலிப்பதிவாளரோடு ஓடி முடிந்தது. அந்தப் பெண் வேறு தொடருக்குப் போனாள். காட்சி முடிந்த நிமிஷமே மைக்கைத் தானே உருவி, சுவிட்சை அணைத்துக் கையில் வைத்துக்கொள்வாள் என்று கேள்வி.

மாதத்துக்கு ஒருமுறை மகளைப் பார்க்க மனைவி அனுமதித்தாள், பூங்காவில், அவளும் கூட இருக்க. போன முறை அவர் மனைவியிடம் கேட்டார்: "நான் வந்து கூட்டிக்கிட்டுப் போகட்டுமா, நம்ம வீட்டுக்கு?"

"வேணாங்க. அண்ணன் வீட்டுலயே இருக்கேன்."

"எவ்வளவு நாளைக்கு?"

"தெரியல" என்றாள் அவள். மகளின் பையை எடுத்துத் தோளில் மாட்டிக்கொண்டு பேருந்து நிறுத்தத்துக்குக் கிளம்பினாள்.