ரசமட்டம் வைத்து மாட்டிய போட்டோ

இன்று எழுத நினைத்தவை:
1. போட்டோ மாட்டியதில் என் தவறு.
2. அதனால் நின்றுபோன ஷாட்.
3. சினிமா வேலை எனக்கு ஒத்துவராது.

ரெட்டியார்பாளையத்து வீடொன்றில், சில நண்பர்கள் சொந்தக் காசில் எடுக்கும் சின்னப் படத்துக்கு அரங்க அமைப்பில் உதவுகிறேன். இன்று, இறந்துபோன அப்பாவின் போட்டோவோடு கதாநாயகி பேசும் காட்சி. போட்டோவை ரசமட்டம் வைத்து, சுவரோடு ஒட்டி, நேராக மாட்டினேன்.

கேமராவில் பார்த்த ஒளிப்பதிவாளர் ஸ்டெல்லா, "ஐயா, அப்பா மூஞ்சில நாங்கதான் தெரியறோம்" என்றார். போட்டோவின் கண்ணாடியில் கேமராவும் விளக்கும் பிரதிபலித்தன.

இயக்குநர், "போட்டோவே வாணாம், எடுத்துடலாம்" என்றார்.

அது இல்லாவிட்டால் அந்தப் பெண் வெறும் சுவரோடு பேச வேண்டும். சாப்பாட்டு இடைவேளை விட்டார்கள். மூன்றாவது குறிப்பை அப்போதுதான் எழுதினேன்.

பிறகு, யாரையும் கேட்காமல், சட்டத்தின் மேல்விளிம்புக்குப் பின்னால் ஒரு தீப்பெட்டியைச் செருகினேன். போட்டோ லேசாக முன்பக்கம் சாய்ந்தது.

"கைய எடுங்க ஐயா. நாங்க காணாம போயிட்டோம்" என்று ஸ்டெல்லா சிரித்தார். "நாளைக்கு ஏழு மணிக்கு வந்துடுங்க. இன்னும் நாலு போட்டோ மாட்டணும்."

மூன்றாவது குறிப்பு தவறு. ஒப்புக்கொள்கிறேன். யார் வீட்டிலாவது காலித் தீப்பெட்டி இருந்தால் சொல்லவும், நான்கு வேண்டும்.