மூவாயிரத்துக்கு மூன்று வருடம்

வீட்டுக் கடன் என்றால் என்ன என்று எனக்குப் புரியவைத்தது, வயிற்றுப்போக்கில் படுத்திருந்த ஒரு நோயாளியின் சார்ட்தான். 1983 ஏப்ரல். நான் திண்டிவனத்தில் அரசு ஆஸ்பத்திரி நர்ஸ். அன்று காலை ரயிலுக்குக் கிளம்பும்போது என் வீட்டுக்காரர் கடன் பாஸ்புக்கை என் பையில் போட்டார். வருடக் கணக்கு முடித்து எழுதிக் கொடுத்திருக்கிறார்கள், பத்திரமாக வை என்றார். பத்து மணி டீக்கு உட்கார்ந்தபோது மேசையில் ஒரு பக்கம் சார்ட், மறு பக்கம் பாஸ்புக். சார்ட்டில் நாங்கள் எழுதுவது இரண்டே விஷயம்: உள்ளே எவ்வளவு போனது, வெளியே எவ்வளவு வந்தது. அந்தக் கண்ணோடேயே பாஸ்புக்கையும் பார்த்துத் தொலைத்தேன்.

மூன்று வருடத்தில் நாங்கள் கட்டியிருந்தது பதினாறாயிரத்து ஐம்பத்தாறு ரூபாய். வாங்கிய நாற்பதாயிரத்தில் குறைந்திருந்தது ஆயிரத்து எண்ணூற்று அறுபத்து மூன்று. மீதி முப்பத்தெட்டாயிரத்துச் சொச்சம் அசையாமல் உட்கார்ந்திருந்தது. இப்படி ஒரு சார்ட்டை வார்டில் பார்த்தால் ஓடிப்போய் டாக்டரைக் கூப்பிடுவேன். இங்கே யாரைக் கூப்பிடுவது? டீ ஆறிப் போய் ஆடை கட்டிவிட்டது.

கடன் கொடுத்தது விழுப்புரத்தில் இருந்த ஒரு வீட்டுக் கடன் சங்கம். திண்டிவனத்தில் ரயில் கேட்டுக்கு அந்தப் பக்கம் மனை வாங்கி, இரண்டு அறையும் ஒரு சமையலறையும் கட்டினோம். மனைப் பத்திரமும் அடமானப் பத்திரமும் சங்கத்தின் இரும்புப் பெட்டிக்குள் போயின. நூற்றுக்குப் பன்னிரண்டு வட்டி, மாதம் நானூற்று நாற்பத்தாறு ரூபாய், இருபது வருடம். வீட்டுக்காரர் விழுப்புரம் ஜங்ஷனில் பார்சல் கிளார்க். தினமும் ரயிலில் போய் வருகிறவர் என்பதால், கட்டுவதெல்லாம் அவர் கையாலேயே நடந்தது.

அவர் வல்லம் பக்கத்து விவசாயக் குடும்பம். நிலத்தை அண்ணன் பார்த்துக்கொள்கிறார். கார்த்திகையில் மல்லாட்டை, அதாவது வேர்க்கடலை, விற்றதும் எங்கள் பங்கு வந்துவிடும். அந்த வீட்டில் ஒரு வழக்கம் உண்டு. மல்லாட்டைக் காசு கடனைப் பார்க்காமல் வீட்டுக்குள் தங்கக்கூடாது. விதைக்கும் உரத்துக்கும் கடன் கொடுத்த மண்டிக்காரருக்குக் கொடுக்க வேண்டியதைக் கொடுத்துவிட்டுத்தான் வாசலே மிதிப்பார்கள். இவரும் அதே மரியாதையோடு வருடா வருடம் கார்த்திகையில் சங்கத்துக்குப் போய், அடுத்த ஆறு மாதத் தவணையை மொத்தமாகக் கட்டிவிடுவார். முன்கூட்டியே கட்டினால் வட்டி குறையும் என்று அவர் நினைத்தார். மண்டியில் அப்படித்தான். அங்கே வட்டி நாள் கணக்கில் ஓடும்.

சங்கத்து கிளார்க் ஒவ்வொரு முறையும் எழுந்து நின்று வரவேற்பாராம். "உங்கள மாதிரி நாலு மெம்பர் இருந்தா போதும் சார், சங்கம் எங்கியோ போயிடும்" என்பாராம். இவர் அதை என்னிடம் பெருமையாக வந்து சொல்வார். நானும் மூன்று வருடமாகப் பெருமைப்பட்டுக்கொண்டிருந்தேன், அதைச் சொல்ல இப்போது வெட்கமாக இருக்கிறது.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை வீட்டில் சமையல் இல்லை, ஓட்டல் இட்லிதான். மகளின் பழைய ரஃப் நோட்டை எடுத்து இருபது வரி கோடு போட்டேன். ஏப்ரல் மாதத்துப் பாக்கியில் பன்னிரண்டு சதவீதம் கூட்டு, வருடத் தவணை ஐயாயிரத்து முந்நூற்று ஐம்பத்திரண்டைக் கழி. அவ்வளவுதான் கணக்கு. இதற்குப் பெரிய படிப்பு எதுவும் வேண்டாம், பொறுமை போதும். முதல் மூன்று வரியும் பாஸ்புக்கோடு ரூபாய் சுத்தமாகப் பொருந்தின. பொருந்தியதும் எனக்குக் கோபம் வந்தது. ஆறு மாதத் தவணை முன்னாலேயே போய்ச் சேர்ந்திருக்கிறதே, அதற்காக வட்டியில் காலணா குறைந்திருக்க வேண்டாமா? குறையவில்லை. அந்தப் பணம் 'முன்பணம்' என்று ஒரு தனிக் கட்டத்தில் சும்மா படுத்திருந்து, மாதம் பிறக்கும்போது ஒவ்வொரு தவணையாக எழுந்து போயிருக்கிறது. ஊரான் வீட்டு நெய்யே, என் பெண்டாட்டி கையே என்று சங்கம் அதை வைத்துக்கொண்டிருந்தது.

இருபதாவது வரிக்கு வந்தபோது சாயங்காலம். அந்த வரிக்கு எதிரே கி.பி. இரண்டாயிரம் என்று எழுதினேன். அன்றைக்கு அந்த எண்ணே ஏதோ விண்வெளிக் கதை மாதிரி இருந்தது. எனக்கு ஐம்பத்தொன்று ஆகியிருக்கும். அவர் ரிட்டயர் ஆக ஒரு வருடம் இருக்கும். மொத்தம் கட்டியிருப்பது ஒரு லட்சத்து ஏழாயிரத்து நாற்பது ரூபாய். நாற்பதாயிரம் ரூபாய் வீட்டுக்கு! ஒரு வீடு எங்களுக்கு, ஒன்றரை வீடு அவர்களுக்கு.

நோட்டைக் காட்டினேன். அவர் கண்ணாடியைத் துடைத்துத் துடைத்துப் பார்த்தார்.

"இருபது வருஷம்னு சொல்லித்தானே குடுத்தாங்க? ஒழுங்காத்தானே கட்டிக்கினு இருக்கோம்?"

"ஒழுங்காத்தான் கட்டிக்கினு இருக்கோம். அதாங்க பேஜாரே."

"மண்டியில ரெண்டு ரூபா வட்டி. இது ஒரு ரூபா வட்டிதானே?"

"ரெண்டு ரூபா வட்டிய நீங்க ஆறு மாசத்துல முடிச்சிடுவீங்க. இது இருபது வருஷம் கூடவே படுத்துக்கும்."

ஏமாந்துவிட்டோம் என்பதைவிட, அந்தப் புகழ்ச்சிக்கு மயங்கிவிட்டோம் என்பதுதான் அவரை அதிகம் சுட்டது. பார்க்கப் பாவமாக இருந்தது. நான் திட்டாமல் விட்ட மிகச் சில ஞாயிற்றுக்கிழமைகளில் அதுவும் ஒன்று.

அதே நோட்டில் இன்னொரு கணக்கும் போட்டேன். அதுதான் என்னைத் தூக்கி நிறுத்தியது. வருகிற மார்ச்சில் மல்லாட்டைக் காசை, ஒரு மூவாயிரம் ரூபாயை, தவணைக்கு என்று கொடுக்காமல் நேரே அசலில் கழித்தால் என்ன ஆகும்? மறுபடி வரி வரியாகப் போட்டேன். கடன் இருபதாவது வருடத்தில் முடியவில்லை, பதினேழாவது வருடத்திலேயே முடிந்துவிட்டது! தப்பாகப் போட்டுவிட்டேன் என்று நினைத்து இரண்டு முறை திரும்பப் போட்டேன். மூவாயிரம் கட்டினால் கடைசி மூன்று வருடம், அதாவது பதினாறாயிரம் ரூபாய்த் தவணை, காணாமல் போகிறது. மூன்று வருடமாகத் தொலைத்தது அத்தனையும் ஒரே மார்ச்சில் திரும்பி வருகிறது. நான் நாற்காலியில் உட்கார்ந்தபடியே கை தட்டினேன்.

ஒரு நாள் லீவு போட்டு, அவரோடு விழுப்புரம் போனேன். கிளார்க் வழக்கம்போல எழுந்து நின்றார். நான் சொல்லச் சொல்ல உட்கார்ந்துவிட்டார்.

"அசல்ல கழிக்கிறதெல்லாம் பழக்கம் இல்ல சிஸ்டர். யாரும் கேட்டதே இல்ல."

"நான் கேக்கறேனே."

"ரூல்ஸ்ல இல்லீங்க."

"எந்த ரூல்ஸு? காட்டுங்க."

"அடமானப் பத்திரத்துலதான் எழுதியிருக்கும். பத்திரம் பெட்டியில. சாவி செகரட்டரிகிட்ட. அவரு ஊர்ல இல்லீங்க."

அந்த கிளார்க்கைக் குறை சொல்ல மாட்டேன். கேட்காத கேள்விக்குப் பதில் சொல்ல யாருக்கும் சம்பளம் கொடுப்பதில்லை. ஆனால் அன்றைக்கு அத்தனை நியாயம் எனக்கு இல்லை. "கேக்கறவன் கேனயனா இருந்தா கேப்பையில நெய் வடியுதுன்னு சொல்வாங்க. நாங்க மூணு வருஷம் நெய்ய வழிச்சிக்கினு இருந்தோம்" என்று அங்கேயே சொல்லிவிட்டேன். வரிசையில் நின்றவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். வீட்டுக்காரர் மின்விசிறியை அண்ணாந்து பார்த்தபடி நின்றார்.

பெட்டிக்குள் இருக்கிற பத்திரத்துக்கு ஒரு பிரதி திண்டிவனம் பதிவு அலுவலகத்திலும் இருக்குமே என்பது திரும்பி வரும்போது ரயிலில்தான் உறைத்தது. மறுநாளே நகல் கேட்டு மனு கொடுத்தேன். பத்து நாளில் வந்தது. பதினெட்டுப் பக்கம், முற்றுப்புள்ளி இல்லாத ஒரே வாக்கியம் மாதிரி. ஒவ்வொரு பக்கத்தின் அடியிலும் நாங்கள் இருவரும் கையெழுத்துப் போட்டிருந்தோம். ஒரு பக்கத்தைக்கூடப் படித்திருக்கவில்லை. பதினோராவது பக்கத்தில் கிடைத்தது: கடன் பெற்றவர் இஷ்டப்பட்டால் வருஷ முடிவுக்குள் நூறு ரூபாய் வீதம் எத்தனை நூறு வேண்டுமானாலும் அசலுக்கென்று அதிகப்படியாகச் செலுத்தலாம், அதற்குச் சங்கம் ஆட்சேபிக்கக் கூடாது. மூன்று வருடமாக அந்த வரி எங்கள் கையெழுத்துக்கு மேலேயே இருந்திருக்கிறது!

'வருஷ முடிவுக்குள்' என்ற சொல்லையும் நான் விடவில்லை. வட்டி ஏப்ரல் மாதத்துப் பாக்கிக்கு முழு வருடத்துக்கும் சேர்த்துப் போடுகிறார்கள். அப்படியானால் கார்த்திகையில் ஓடிப்போய்க் கட்டினாலும் மார்ச் கடைசியில் கட்டினாலும் ஒன்றுதான். ஏப்ரல் ஒன்றாம் தேதி கட்டினால் மட்டும் ஒரு வருடம் தண்டம். ஆகவே கார்த்திகைப் பணம் நேரே தபால் ஆபீஸ் சேமிப்புக் கணக்குக்குப் போனது. நாலு மாத வட்டியை எங்களுக்குச் சம்பாதித்துக் கொடுத்துவிட்டு மார்ச் கடைசி வாரம் சங்கத்துக்குப் போனது. கடனுக்குப் போகாத மல்லாட்டைக் காசு கணக்கில் தங்குவதைப் பார்க்க வீட்டுக்காரருக்கு முதல் வருடம் தூக்கமே வரவில்லை. அவர் வம்சத்திலேயே அப்படி நடந்தது கிடையாது.

1984 மார்ச்சில் மூவாயிரத்தோடும் பத்திர நகலோடும் போய் நின்றேன். கிளார்க்கின் பேனா பழக்கதோஷத்தில் 'முன்பணம்' கட்டத்துக்கே போனது. நான் விரலை நீட்டி 'அசல்' என்ற கட்டத்தைத் தொட்டுக் காட்டினேன். ரசீதிலும் அசல் என்று எழுதி வாங்கிக்கொண்டுதான் நகர்ந்தேன். அடுத்த வருடக் கணக்கில் வட்டி நாலாயிரத்து ஐந்நூற்று எழுபத்தாறிலிருந்து நாலாயிரத்து நூற்று இருபத்து மூன்றுக்கு இறங்கியிருந்தது. பாஸ்புக்கை வார்டில் இருந்த எல்லாச் சிஸ்டர்களிடமும் காட்டினேன். பிரசவம் நல்லபடியாக முடிந்த வீட்டார் குழந்தையைக் காட்டுவார்களே, அப்படி.

அடுத்த இரண்டு மார்ச்சிலும் நாலாயிரம். ஒரு வருடம் மழை ஏமாற்றி மல்லாட்டைப் பங்கு பாதிதான் வந்தது. என் ஒரு ஜோடி வளையலை விற்று நிரப்பினேன். பிறகு ரயில்வேயில் சம்பளம் உயர்ந்து அரியர்ஸ் வந்தது, இரண்டு மார்ச்சில் ஐயாயிரம் ஐயாயிரமாகப் போனது. தெருவே டி.வி. வாங்கிய வருடங்கள் அவை. எங்கள் மகள் எதிர்வீட்டில் போய்ப் பார்த்தாள். "ரெண்டு சம்பளம், ஒரு ஃபேனு" என்று எதிர்வீட்டம்மா கிண்டல் செய்தார். ஆமாம், ஒரு ஃபேன்தான். அதுவும் சத்தம் போடும். மகள் ஒரு முறை அழுததுதான் எனக்கு வலித்தது. அவளுக்கும் நோட்டைக் காட்டினேன். அழுகை நின்றது, ஆனால் டி.வி. வாங்காததை அவள் மன்னிக்கவில்லை.

பின்னாளில் விஷயம் தெரிந்த ஒருவர் என்னிடம், "விலைவாசி ஏறிக்கினே போகுது. ரெண்டாயிரமாவது வருஷத்துல நானூத்தி நாப்பத்தாறு ரூபா ஒரு காசா? மெதுவாக் கட்டறதுதாம்மா லாபம்" என்றார். இருக்கலாம். என் பணத்துக்கு வருடம் தவறாமல் பன்னிரண்டு சதவீதம் கொடுக்கிற இடம் ஒன்றை அவர் காட்டியிருந்தால் நான் கேட்டிருப்பேன். எனக்குத் தெரிந்து அப்படிக் கொடுத்த ஒரே இடம் என் சொந்தக் கடன்தான்.

1989 மார்ச்சில் கடைசியாக இரண்டாயிரத்து எழுநூற்று அறுபத்தொன்பது ரூபாய் பாக்கி. கட்டினோம். இரும்புப் பெட்டி திறந்தது. மொத்தமாக நாங்கள் கொடுத்தது எழுபத்தோராயிரத்துத் தொள்ளாயிரத்து முப்பத்தேழு. கொடுக்காமல் தப்பியது முப்பத்தைந்தாயிரத்து நூற்று மூன்று. இந்த இரண்டு எண்களும் எனக்கு மகளின் பிறந்த தேதி மாதிரி மனப்பாடம்.

கடன் தீர்ந்ததைப் பதிவு செய்ய வேண்டும் என்று திண்டிவனம் பதிவு அலுவலகத்துக்குப் போனோம். வாசலில் டைப்ரைட்டரோடு உட்கார்ந்திருந்த பத்திர எழுத்தரிடம் காகிதங்களைக் கொடுத்துவிட்டு நான் ஸ்டூலில் உட்கார்ந்தேன். வீட்டுக்காரர் டீ வாங்கப் போயிருந்தார். எழுத்தர் தேதிகளைப் பார்த்தார், மறுபடி பார்த்தார், விரல் விட்டு எண்ணினார். டைப் அடிப்பதை நிறுத்திவிட்டுக் குரலைத் தாழ்த்தினார்.

"இன்னும் பதினோரு வருஷம் பாக்கி இருக்குதே. வீட்ட விக்கிறீங்களாம்மா?"

"இல்லீங்க."

அவர் முகம் வாடிவிட்டது. கையிலிருந்த காகிதங்களைக் கீழே வைத்தார்.

"மன்னிச்சிக்கங்கம்மா. சாரு தவறி எத்தினி நாளாச்சு?"

அவர் அனுபவத்தில் ஒரு வீட்டுக் கடன் நாளுக்கு முன்னால் முடிவதற்கு இரண்டே காரணம்தான் இருந்திருக்கிறது. ஒன்று விற்பார்கள், இல்லையென்றால் சாவார்கள். எனக்குச் சிரிப்பதா வேண்டாமா என்று தெரியவில்லை. அதற்குள் பின்னாலிருந்து மூன்று டீ கிளாஸோடு ஒரு கை நீண்டது.

"நான் இருக்கேங்க" என்றார் வீட்டுக்காரர். "கடன்தான் போயிடுச்சு. டீ எடுத்துக்கங்க."