மூன்று டர்போவும் ஒரு கோயில் வளைவும்

1. சம்பந்தி வந்திருக்காரு

அந்த வண்டி மூன்றாவது முறையாக ரெக்கவரி லாரியின் முதுகில் ஏறிக்கொண்டு எங்கள் ஷெட்டுக்கு வந்த காலையில் குன்னூரில் தூறல் விழுந்துகொண்டிருந்தது. லாரியைப் பார்த்ததும் முதலாளி ராஜாமணி அண்ணன் டீ கிளாஸைக் கீழே வைத்துவிட்டு என் பக்கம் திரும்பினார்.

"இன்ஜினியரு, உன்ற சம்பந்தி வந்திருக்காரு பாரு. போய் மாலை போட்டுக் கூட்டிட்டு வா."

சம்பந்தி என்று அவர் சொன்னது ஒரு ஸ்டேஷன் வேகனை. ஆட்டோமொபைல் முடித்துவிட்டு "எந்த வேலைக்குப் போகலாம் அண்ணா" என்று எனக்கு எழுதும் ஜூனியர்களில் பாதிப் பேர் இதை நேரில் பார்த்திருக்க மாட்டீர்கள். சாதாரண காரின் டிக்கியை நீட்டி, கூரையைக் கடைசி வரைக்கும் இழுத்துவிட்டால் ஸ்டேஷன் வேகன். நம் ஊரில் அதை யாரும் வாங்குவதில்லை. வாங்கினாலும் அதைக் கார் என்று யாரும் நம்புவதில்லை. இந்த வண்டி முதன்முதலில் மார்க்கெட் வழியாகப் போனபோது பஸ் ஸ்டாண்ட் பக்கம் இரண்டு பேர் செருப்பைக் கழற்றிவிட்டுக் கும்பிட்டார்கள். நிறம் வேறு கறுப்பு. அமரர் ஊர்தி என்று நினைத்துவிட்டார்கள்.

பானெட்டைத் திறந்தால் கதை வேறு. குடும்பம், நாய், மூட்டை முடிச்சு எல்லாவற்றையும் ஏற்றிக்கொண்டு ஸ்போர்ட்ஸ் காரைத் துரத்திப் பிடிக்க வேண்டும் என்று ஐரோப்பாவில் யாரோ ஆசைப்பட்டிருக்கிறார்கள். டர்போ போட்ட பெட்ரோல் இன்ஜின், மேனுவல் கியர். என் ஹாஸ்டல் சுவரில் நான்கு வருடமும் இதன் படம்தான். பக்கத்து அறைக்காரர்கள் நடிகைகள் படம் ஒட்டியிருந்தார்கள். அவர்களுக்கு வந்த செலவு குறைவு என்று இப்போது தெரிகிறது.

2. நானே செய்துவைத்த கல்யாணம்

வண்டியின் சொந்தக்காரர் நடராஜ் ஐயா. ஊருக்கு வெளியே ஒரு பள்ளத்தாக்கில் டீ ஃபேக்டரி வைத்திருக்கிறார். அவருடைய இலை லாரிகள் ஆறும் எங்கள் ஷெட்டில்தான் நிற்கும். லாரிகளால்தான் ஷெட் நடக்கிறது, ஷெட் நடப்பதால்தான் எனக்குச் சம்பளம்.

அவர் ஒரு நாள் லாரி கிளட்சுக்காக வந்த இடத்தில், "பெங்களூருல ஒரு நீட்டு வண்டி செகண்ட் ஹேண்ட்ல வருதுங்க. நல்லாருக்குமா?" என்று ராஜாமணி அண்ணனிடம்தான் கேட்டார். பதில் சொன்னது நான். யாரும் கேட்காமலே லேப்டாப்பைத் திறந்து படம் படமாகக் காட்டினேன். இன்ஜின் பிளாக் எவ்வளவு தடிமன், பிஸ்டன் எப்படி ஃபோர்ஜ் செய்தது, வெளிநாட்டுக்காரர்கள் இந்த இன்ஜினைப் பிரித்துப் பார்க்காமலே எவ்வளவு தூரம் ஓட்டுகிறார்கள், எல்லாம் சொன்னேன். கடைசி ஸ்லைடில் பெரிய எழுத்தில் "இதைவிட நம்பகமான இன்ஜின் கிடையாது" என்று போட்டிருந்தேன்.

அவர் வாங்கிவிட்டார். மூன்று மாதத்தில் முதல் டர்போ போனது. பின்னால் நீலப் புகை, முன்னால் விசில் சத்தம். அடுத்தது மழைக்காலத்தில். இப்போது மூன்றாவது.

அன்றைக்கு ஐயா போனில் கத்தவில்லை. கத்தியிருந்தால் பரவாயில்லை.

"ராஜாமணி, இதைச் சரி பண்ணிக் குடுங்க. இன்னொருக்கா லாரி மேல வந்துச்சுன்னா, என்ற இலை லாரி ஆறும் மேட்டுப்பாளையத்து ஷெட்டுக்குப் போயிருமுங்க. மனசுல ஒண்ணும் வெச்சுக்காதீங்க."

போனை வைத்துவிட்டு அண்ணன் என்னிடம், "லாரி போனா நீயும் அதுலயே ஏறிக்க. மேட்டுப்பாளையம் வரைக்கும் டிக்கெட் மிச்சம்" என்றார். விளையாட்டாகத்தான் சொன்னார், ஆனால் சிரிக்கவில்லை.

3. மூன்று புகார், மூன்று வைத்தியம்

டர்போ என்றால் என்ன என்று உங்களுக்குத் தெரியும். புகை வெளியேறும் வேகத்தில் ஒரு சக்கரம் சுற்றும், அது இன்ஜினுக்குள் காற்றை அடைக்கும். நிமிடத்துக்கு லட்சம் சுற்றுக்கு மேல் சுற்றுகிற சாமான். அதன் நடுவில் இருக்கும் ஷாஃப்ட்டுக்கு ஆயில் ஓட்டம்தான் உயிர். ஏற்றத்தில் மிதித்துக்கொண்டு வந்து டக்கென்று இன்ஜினை அணைத்தால் ஆயில் பம்ப் நின்றுவிடும். உள்ளே மிச்சம் இருக்கும் ஆயில் அந்தச் சூட்டில் கரியாகும். கரி பேரிங்கைத் தின்னும்.

கழற்றிய மூன்று டர்போவிலும் கரிதான். அதனால் முதல் தடவையே நான் சரியான கேள்வியைக் கேட்டேன். இதை இன்றைக்கும் பெருமையாகச் சொல்லிக்கொள்வேன்.

"ஐயா, ஓட்டிட்டு வந்த உடனே இன்ஜினை ஆஃப் பண்ணிருவீங்களா?"

"ச்சே ச்சே. ஊட்டுக்கு வந்து ரெண்டு நிமிசம் ஐடில்ல, சும்மா ஓட விட்டுத்தான் கண்ணு அணைப்பேன். மேனுவல்லயே போட்டிருக்கான், நான் படிச்சுட்டேன்."

மேனுவல் படிக்கும் கஸ்டமர் கிடைப்பது வரம். நான் அந்த வரத்தில் மயங்கிப்போய் ஆயில் பிராண்டை மாற்றினேன், ஆயில் பைப்பை மாற்றினேன். இரண்டாம் தடவை, இன்ஜின் அணைந்த பிறகு டர்போவைச் சுற்றித் தண்ணீர் ஓட்டும் சின்ன மின்பம்பையும் மாற்றினேன்.

இன்னும் இரண்டு புகார் இருந்தன. இறக்கத்தில் ஸ்டீயரிங் கனக்கிறது. இறக்கத்தில் பிரேக் பெடல் கல்லு மாதிரி இறுகிப்போகிறது. ஸ்டீயரிங் பம்ப் ஒன்று வரவழைத்தேன். பிரேக் பூஸ்டர் ஒன்று ஜெர்மனியிலிருந்து வந்தது. பழைய சாமான்களைப் பிரித்துப் பார்த்தால் புதுசு மாதிரி இருந்தன. "நுட்பமான உள் கோளாறு" என்று பில்லில் எழுதிக் கொடுத்தேன்.

ஐயாவின் மனைவி சரோஜாம்மா ஒரு முறை கூடவே வந்திருந்தார். ஸ்டீயரிங் இப்போது எப்படி இருக்கிறது என்று கேட்டேன்.

"எனக்கென்ன தெரியுமுங்க தம்பி. மேல ஏறுற வரைக்கும் பார்ப்பேன். இறங்கறப்ப கண்ணை மூடிக்குவேன். கந்தா கடம்பான்னு சொல்லிட்டே இருந்தா டவுன் வந்துரும்."

பக்திமிக்க அம்மா என்று நினைத்துக்கொண்டேன். இன்ஜினியரிங் படித்தவனுக்கு ஒரு புகார் புகாராகக் காதில் விழ வேண்டுமானால் அது "நாய்ஸ்" என்றோ "வைப்ரேஷன்" என்றோ ஆரம்பிக்க வேண்டும்.

4. கோயில் வளைவு

மூன்றாவது டர்போவை மாற்றிய பிறகு எனக்குத் தூக்கம் போய்விட்டது. ஸ்கேனர் மாட்டினேன், ஒரு கோளாறும் காட்டவில்லை. நானே ஓட்டிப் பார்த்தேன், கோத்தகிரி ரோட்டில் போய்த் திரும்பினேன். வண்டி என் ஹாஸ்டல் சுவரில் இருந்ததைவிட நன்றாக இருந்தது. கடைசியில் அண்ணனிடம், "ஐயாவே ஓட்டட்டும், நாம கூட உக்கார்ந்து பார்ப்போம்" என்றேன்.

"உருப்படியா ஒண்ணு சொன்ன" என்றார். ஐந்து வருடத்தில் இதுதான் முதல் பாராட்டு.

ஃபேக்டரியிலிருந்து கிளம்பினோம். ஐயா ஸ்டீயரிங்கில், அண்ணன் முன் சீட்டில், நானும் சரோஜாம்மாவும் பின்னால். பள்ளத்திலிருந்து மேடு வரைக்கும் தேயிலைக்கு நடுவே கடும் ஏற்றம். ஐயா இரண்டாவது கியரில் மிதித்தார். டர்போ முழு மூச்சில் பாடியது. அவருக்கு அறுபதைத் தாண்டிய வயது, முகத்தில் பதினெட்டு. எனக்கு ரோமம் சிலிர்த்தது.

மேட்டின் உச்சியில் ஒரு முருகன் கோயில், அங்கேயே ஒரு வளைவு. அதைத் தாண்டினால் குன்னூர் வரை இறக்கம். கோயில் வந்ததும் ஐயா ஒரு கையால் கன்னத்தில் போட்டுக்கொண்டார். அதே கை அப்படியே இறங்கிக் கியரை நியூட்ரலுக்குத் தள்ளியது. பிறகு சாவியைத் திருப்பியது.

வண்டி சத்தமில்லாமல் இறங்க ஆரம்பித்தது. பக்கத்தில் சரோஜாம்மா கண்ணை மூடிக்கொண்டார்.

உண்மையைச் சொல்கிறேன், இரண்டு வளைவு போகும் வரை எனக்கு ஒன்றும் உறைக்கவில்லை. இந்த மலையில் பிறந்தவன் நான். பள்ளிக்கூட வேன் இப்படித்தான் இறங்கும். காய்கறி டெம்போ இப்படித்தான் இறங்கும். ராஜாமணி அண்ணனின் ஜீப் இன்றைக்கும் இப்படித்தான் இறங்குகிறது. அண்ணன் ரசித்துக்கொண்டே, "என்னமா உருளுதுங்க! பேரிங் எல்லாம் அருமை" என்று சொல்லிக்கொண்டிருந்தார்.

மூன்றாவது வளைவில் ஐயா ஸ்டீயரிங்கை இரண்டு கையாலும் கட்டிப்பிடித்துத் திருப்பினார். நான்காவதில் பிரேக் மேல் ஏறக்குறைய எழுந்து நின்றார். எதிரில் வந்த டவுன் பஸ் எங்களுக்காகச் சாக்கடை ஓரம் ஒதுங்கியது.

"பார்த்தியா கண்ணு? மறுபடியும் கனக்குது. பிரேக்கும் கல்லாயிருச்சு. ஜெர்மன்காரன் ஏமாத்திப்போட்டான்."

அப்போதுதான் எனக்கு அந்த நிசப்தம் காதில் விழுந்தது.

5. உருட்டறது வேற

டவுனுக்கு வந்து வண்டி நின்றதும் வாயைத் திறந்தேன். அண்ணன் கண்ணால் வேண்டாம் என்றார். இலை லாரி ஆறும் அவர் கண்ணில் வரிசையாக நின்றன. எனக்கோ சரியான விடை தெரிந்த பரீட்சை ஹாலில் உட்கார்ந்திருப்பது போல இருந்தது.

"ஐயா, ஏத்தம் முடிஞ்ச உடனே இன்ஜினை அணைக்கறீங்க. அதனாலதான் டர்போ போகுது."

"நானா? எப்ப அணைச்சேன்?"

"இப்பத்தானுங்க. கோயில் வளைவுல."

அவர் என்னைப் பரிதாபமாகப் பார்த்தார். "அது அணைக்கறது இல்ல கண்ணு. உருட்டறது. அணைக்கறதுன்னா ஊட்டுல போய் அணைக்கறது."

பிறகு அண்ணனிடம் திரும்பி, "ஏனுங்க ராஜாமணி, நீங்க ஜீப்பை உருட்டறது இல்லீங்களா?"

"உருட்டறதுதானுங்க" என்றார் அண்ணன், குன்னூர் ரயிலடியைப் பார்த்துக்கொண்டு.

"அப்பறம்? இறக்கத்துல தானா போற வண்டிக்குப் பெட்ரோல் ஊத்தறவன் என்னங்க மனுசன்?"

நான் விடவில்லை. இன்ஜின் ஓடினால்தான் ஸ்டீயரிங்குக்கும் பிரேக்குக்கும் பலம் வரும் என்றேன். இந்தக் கால இன்ஜினில் கியரைப் போட்டபடியே காலை எடுத்துவிட்டால், இறக்கத்தில் கம்ப்யூட்டரே பெட்ரோலை அடியோடு நிறுத்திவிடும், இன்ஜின் சும்மா சுற்றும், வண்டியையும் இழுத்துப் பிடிக்கும், உருட்டுவதில் ஒரு சொட்டு மிச்சமில்லை என்றேன். ஸ்லைடு இல்லாமல் இவ்வளவு அழகாக நான் எதையும் விளக்கியதே இல்லை.

ஐயா பொறுமையாகக் கேட்டார்.

"சாவி ஆன்ல இருக்குது. ஆனா பெட்ரோல் போகாதுங்கற."

"ஆமாங்க."

"கேக்க நல்லாருக்குது கண்ணு" என்று சொல்லிவிட்டு, டீ ஏலத்துக்கு நேரமாகிவிட்டது என்று போய்விட்டார்.

6. பெட்டி

ஷெட்டுக்கு வந்ததும் அண்ணன் தகர நாற்காலியில் சாய்ந்தார்.

"அவரு கையை நீ மாத்த முடியாது. அந்தக் கை கோயிலைக் கண்டா கன்னத்துல போடும், சாவியைத் திருப்பும். ரெண்டும் ஒரே கும்பிடு. வேற ஏதாவது வழி பாரு. படிச்சிருக்கயில்ல?"

படித்தது அங்கேதான் உதவியது. டர்போ டைமர் என்று ஒரு சின்னப் பெட்டி உண்டு. சாவியை அணைத்தாலும் இன்ஜினைக் கொஞ்ச நேரம் ஐடிலில் ஓடவிட்டுப் பிறகு தானாக நிறுத்தும். நிறுத்திய வண்டிக்காக வந்த சாமான் அது. ஹேண்ட்பிரேக் போட்டிருந்தால்தான் வேலை செய்யும். அந்த வயரை மாற்றிக் கொடுத்து, நேரத்தை டவுன் வந்து சேரும் வரைக்கும் நீட்டி வைத்தேன். தயாரித்தவர் பார்த்தால் அழுதிருப்பார்.

மறைக்கவில்லை. ஐயாவிடம் விளக்கித்தான் கொடுத்தேன். "இனி நீங்க சாவியைத் திருப்பினாலும் இன்ஜின் ஓடிட்டேதான் இருக்குமுங்க."

"சாவி ஆஃப்லதானே இருக்கும்?"

"ஆஃப்லதானுங்க. ஆனா இன்ஜின்..."

"அது போதும். சாவி ஆஃப்ல இருக்கற வரைக்கும் என் கணக்குல பெட்ரோல் ஓடல."

அவ்வளவுதான். இரண்டு மழைக்காலம் போய்விட்டது. நான்காவது டர்போவுக்கு வேலை வரவில்லை. லாரிகள் ஆறும் எங்கள் ஷெட்டில்தான் நிற்கின்றன, நானும் நிற்கிறேன். உருட்டும்போது ஐடிலில் ஓடுவதால் அந்த வண்டி இப்போது முன்பைவிடக் கூடுதலாகத்தான் குடிக்கிறது. ஆனால் ஐயா கிளப்பில், "நம்ம ராஜாமணி ஷெட்டுல ஒரு பெட்டி மாட்டுறாங்க, பெட்ரோல் அப்பிடியே மிச்சமாகுது" என்று சொல்லியிருக்கிறார். போன வாரம் டர்போவே இல்லாத ஒரு பழைய வேனைக் கொண்டுவந்து ஒருவர் அந்தப் பெட்டியைக் கேட்டார். டர்போ இல்லையே என்றேன். "அதையும் சேர்த்து மாட்டிருங்க" என்றார்.

ஜூனியர்களுக்கு நான் சொல்ல நினைத்தது இதுதான். எந்த இன்ஜின் நம்பகமானது என்று நெட்டில் சண்டை போடாதீர்கள். அங்கே எழுதுகிறவன் யாரும் எங்கள் கோயில் வளைவைத் தாண்டியதில்லை. சோதனை ஓட்டம் என்றால் நீங்கள் ஓட்டுவது அல்ல. சொந்தக்காரரை ஓட்டவிட்டுப் பின் சீட்டில் உட்காருங்கள். பக்கத்தில் யாராவது கண்ணை மூடினால், ஏன் என்று கேளுங்கள்.

சரோஜாம்மாவை ஏல மையத்து வாசலில் சமீபத்தில் பார்த்தேன். ஐயா யாரோ ஒரு வெளியூர்க்காரருக்கு பானெட்டைத் திறந்து காட்டி, "இதைவிட நம்பகமான இன்ஜின் கிடையாதுங்க" என்று என் கடைசி ஸ்லைடை அப்படியே ஒப்பித்துக்கொண்டிருந்தார். நான் அங்கே போகத் திரும்பினேன். பெட்டியைப் பற்றி அவருக்கு இன்னொரு முறை தெளிவாகச் சொல்லிவிடலாம் என்று ஒரு அரிப்பு. அம்மா என் சட்டைக் கையைப் பிடித்து இழுத்தார்.

"சாவியைத் திருப்பினாலும் அணையாதுன்னு அவருக்கு மறுபடியும் ஞாபகப்படுத்திராதீங்க தம்பி. இப்பத்தான் நான் கண்ணைத் தொறந்துட்டு இறங்கறேன்."