பிரபு கொண்டுவந்த தாமரை மொட்டு

சித்தன்னவாசல் குகை வாசலில் காவலாளி கருப்பையா எங்களை மறித்து நிற்கிறார். என்னோடு வந்திருப்பவர் ஓர் ஆங்கிலேயப் பிரபு. திருச்சியிலிருந்து அவருக்கு மொழிபெயர்ப்பாளனாக வந்திருக்கிறேன். பிரபு தன் தோல் பையைக் கீழே வைக்க மறுக்கிறார்.

“தொரை என்ன உத்தியோகம் பாக்குறாக?” என்று கருப்பையா என்னிடம் கேட்கிறார்.

“லண்டன் பார்லிமெண்ட்ல பிரபுக்கள் சபை மெம்பர். அப்பா செத்ததும் அந்த எடம் இவருக்கு வந்திருச்சு.”

“ஓட்டுப் போடாமலா?” அவர் பார்வை பையை விட்டு நகரவில்லை. “எங்க மகாராசாவே சமஸ்தானத்தைச் சர்க்காருக்கிட்ட ஒப்படைச்சுட்டுப் போயிட்டாக. பையைத் தொறந்து காட்டச் சொல்லுங்க. இல்லாட்டி அங்கிட்டே நிக்கட்டும்.”

எனக்கும் சந்தேகம்தான். வழியெல்லாம் பிரபு அந்தப் பையை மடியிலேயே வைத்திருந்தார். குகை ஓவியத்தைப் பெயர்க்க உள்ளே உளி இருக்குமோ என்று யோசித்துக்கொண்டே வந்தேன்.

நான் சொன்னதும் பிரபு சற்றுத் தயங்கிப் பையைத் திறக்கிறார். பஞ்சுக்கு நடுவே உள்ளங்கையளவு சுண்ணாம்புக் காரை இருக்கிறது. அதில் பச்சைத் தண்டோடு தீட்டிய ஒரு தாமரை மொட்டு. வாலிபத்தில் இங்கே வந்த அவருடைய அப்பா குகை ஓவியத்திலிருந்து பெயர்த்துக்கொண்டு போனதாம். திருப்பித் தர வந்திருக்கிறாராம்.

கருப்பையா துண்டை விரித்து இரு கைகளாலும் அதை வாங்கிக்கொள்கிறார். முகம் மட்டும் இளகவில்லை.

“எடுத்துட்டுப் போனது இது ஒண்ணுதானான்னு கேளுங்க.”

கேட்கிறேன். பிரபு, கீழே தன் பெரிய பெட்டியோடு கார் நிற்கும் பக்கம் பார்க்கிறார்.